நாற்பத்தெட்டு வாளி

அந்தத் தொழிற்சாலை கேன்டீனில் அவளை எல்லாரும் வாளியக்கா என்றே கூப்பிட்டார்கள். பாத்திரம் கழுவிய தண்ணீர் போய் விழும் கழிவுத் தொட்டி ஒன்று சமையலறைக்குப் பின்னால் இருந்தது. நீளம், அகலம், ஆழம் மூன்றும் ஒன்றரை அடி. மேலே எண்ணெய் வெள்ளையாகத் தடித்து ஏடு கட்டும். அடியில் எச்சில் பருக்கைகள் ஊறிக் கறுப்புச் சேறாகக் கிடக்கும். சனிக்கிழமைதோறும் அதை மொண்டு பின்வாசல் டிரம்மில் ஊற்றுவது அவள் வேலை. பதினொரு வருஷமாக ஆறு வாளி.

பழகிப்போயிருக்கும் என்று பார்ப்பவர்கள் நினைத்தார்கள். பழகவே இல்லை. ஏட்டை உடைத்ததும் எழும் வீச்சத்தில் குடல் வாய்வரை வந்துவிட்டுப் போகும். வீட்டில் மூன்று தடவை சோப்புப் போட்டாலும், தட்டின்முன் உட்கார்ந்ததும் விரலை மோந்து பார்ப்பாள்.

"அதெல்லாம் போயிருச்சு, சாப்பிடு" என்பார் வருஷம் முழுக்கச் சளியோடு திரியும் அவள் கணவர்.

"உங்க மூக்க நம்பி நான் சாப்பிடவா?"

ஆலையில் ஆள் கூடியதும் கேன்டீன் மானேஜர் புதுத் தொட்டி கட்டவைத்தார். சென்ட் போட்ட கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு, தள்ளி நின்று காட்டினார்.

"எல்லாப் பக்கமும் மூணடிக்கா. பழசைவிட ரெண்டு மடங்கு. ஆறு வாளி எடுத்த இடத்துல பன்னெண்டு. ரெண்டு மணி நேரத்துல முடிச்சிரலாம்."

முதல் சனிக்கிழமை அவள் சுவரில் கரிக்கோடு போட்டு எண்ணினாள். பன்னிரண்டு கோடு ஆனபோது முக்கால் அடிதான் இறங்கியிருந்தது. முழங்கைவரை பிசுபிசுப்பு. கன்னத்தில் எதுவோ தெறித்து ஒட்டியிருந்தது. எந்தக் கையால் துடைப்பது?

மானேஜர் எட்டிப் பார்த்தார். "என்னக்கா, இன்னும் இவ்வளவு கெடக்கு? வாளிய அரையும் கொறையுமா மொண்டீங்களா?"

சேற்றைவிட அந்தக் கேள்விதான் அவளுக்குக் குமட்டியது. மூலையில் கிடந்த பழைய தொட்டியின் இரும்பு மூடியை இழுத்து வந்தாள். புதுத் தொட்டியின் வாய்மேல் ஒரு மூலையில் பிடித்துக் காட்டினாள். பிறகு மற்ற மூன்று மூலைகளிலும் அப்படியே.

"மேலாப்புல மட்டுமே நாலு பழைய தொட்டி நிக்குது சார். ஆழமும் ரெட்டிப்பு. அப்ப இதுக்கடியில இன்னொரு நாலு. எட்டாறு நாப்பத்தெட்டு வாளி."

அவர் உதட்டை அசைத்துக் கணக்குப் போட்டார். புரிந்துவிட்டது என்று முகத்தில் தெரிந்தது. ஆனாலும் சொன்னார், "ரெண்டு மணி நேர வேலைன்னு மேல எழுதிக் குடுத்துட்டேனே. எப்படியாச்சும் முடிச்சிருங்க."

"எழுதினவரு ஒரு வாளி மொண்டு பாருங்க" என்று வாளியை நீட்டினாள். அவர் இரண்டடி பின்னால் போனார். "எனக்கு இதெல்லாம் ஒத்துக்காதுக்கா."

"எனக்கு மட்டும் சந்தனமா?"

அன்றிலிருந்து சனிக்கிழமைக்குப் பன்னிரண்டு வாளி மொண்டாள், பதின்மூன்றாவதைத் தொடவில்லை. வாரத்துக்கு வாரம் சேறு ஏறியது. ஆறாவது வாரம் குழாய் அடைத்துக்கொண்டு, சாப்பாட்டுக் கூடத்துக் கைகழுவும் தொட்டிகளில் கறுப்புத் தண்ணீர் கொப்புளித்தது. சாப்பிட்டுக்கொண்டிருந்த பெரிய அதிகாரி தட்டைத் தள்ளிவிட்டு வெளியே ஓடி வாந்தி எடுத்தார். அடுத்த வாரமே உறிஞ்சு குழாய் வைத்த லாரி வந்தது. மாதாமாதம் வரவும் ஏற்பாடானது. அவளைக் காய் நறுக்கும் மேசைக்கு மாற்றினார்கள்.

அங்கே கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தபோது, வெளியாட்களிடம் மானேஜர் பேசுவது கேட்டது. "நம்ம ஆளுங்க கஷ்டப்படுறதப் பாக்க முடியல. அதான் நானே லாரிக்கு ஏற்பாடு பண்ணேன்."

அவள் கத்தியை வைத்துவிட்டுக் குழாயடிக்குப் போய் வாயைக் கொப்பளித்துத் துப்பினாள். பிறகு வந்து மீதியை நறுக்கினாள்.