சிரிக்காமல் எழுந்தவர்

கிராமத்துப் படங்களில் இதுவரை பதினோரு முறை செத்திருக்கிறேன். காய்ந்த நிலம் வேண்டுமென்றால் சினிமாக்காரர்கள் எங்கள் ராமநாதபுரத்துக்கு வருவார்கள். இடைவேளைக்குள் சாகிற அப்பா வேண்டுமென்றால் என்னைக் கூப்பிடுவார்கள். பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும் என்பது தொழிலில் ஒரு வழக்கம். சாவு நம்மைத் தொடரக் கூடாதென்று அந்தச் சிரிப்பையும் படம் பிடிப்பார்கள். நானும் பல்லைக் காட்டிவிட்டுத்தான் டீ குடிக்கப் போவேன்.

ஒரு படத்தில் மட்டும் பாடையில் படுக்க மனம் வரவில்லை. அந்த வாரம் மகளுக்கு நிச்சயதார்த்தம். முகம் தெரியாத தூரத்துக் காட்சிதான், உங்கள் ஜாடையில் யாராவது போதும் என்றார்கள். நயினார்கோவில் பக்கம் மிளகாய் போட்டிருந்த என் அண்ணனை அழைத்து வந்தேன். "ஏலே, உசுரோட இருக்கையிலேயே நாலு பேரு தூக்குறது யாருக்குக் கெடைக்கும்?" என்று குஷியாகப் போய்ப் படுத்தார்.

வெளிச்சம் குறைந்துகொண்டிருந்தது. ஷாட் முடிந்ததும் கேமராவைக் கழற்ற ஆரம்பித்துவிட்டார்கள். அண்ணனைச் சிரிக்க வைக்கவில்லையே என்றேன். "டூப்புக்கெல்லாம் எதுக்கு சார்?" என்றார் உதவி இயக்குநர். அவர்களுடைய அடுத்த படத்திலும் எனக்கு வேஷம் இருந்தது. வாயை மூடிக்கொண்டேன். அண்ணன் விபூதியைத் துடைத்துக்கொண்டு பஸ் ஏறினார்.

நாலே மாதம். மிளகாய்க் காட்டில் உட்கார்ந்த இடத்திலேயே போய்விட்டார். மாரடைப்பு என்றார் டாக்டர். நான் நம்பவில்லை, இன்றைக்கும் நம்பவில்லை. நிஜப் பாடையைத் தூக்கியபோது கேமரா எந்தப் பக்கம் இருக்கிறது என்று என் கண் தேடியது.

அந்தப் படத்தை டிவியில் அடிக்கடி போடுகிறார்கள். "இன்னைக்கும் செத்துட்டீகளா?" என்று நண்பர்கள் போனில் கிண்டல் செய்வார்கள். நான் பார்ப்பதில்லை. அண்ணி ஒருமுறைகூட விடாமல் பார்ப்பார்.

போன மாதம் தேவிபட்டினத்தில் அண்ணனுக்குத் திதி கொடுத்துவிட்டுத் திரும்பும்போது, எல்லாவற்றையும் அண்ணியிடம் கொட்டிவிடத் துணிந்தேன். பிணமாக நடித்தவரைச் சிரிக்க வைத்துப் படம் எடுப்பார்கள் என்பது வரைக்கும்தான் சொன்னேன். அண்ணியின் முகமே மாறிவிட்டது.

"அப்ப அவுக சிரிச்சதும் அங்கன இருக்குமா தம்பி? எங்கிட்ட அவுக சிரிச்ச மாதிரி ஒரு படங்கூட இல்ல. கேட்டு வாங்கித் தாங்க."

"கேக்குறேன் அண்ணி" என்று சொல்லிவிட்டேன்.

வாரம் ஒருமுறை போன் செய்கிறார். தேடிக்கொண்டிருக்கிறார்கள் என்று சொல்கிறேன்.