திரும்பிப் பார்க்காத புலி

நாமக்கல்லுக்கு வெளியே பஸ் பஞ்சராகி, ஒரு லாரிப் பட்டறை முன்னால் ஸ்டெப்னி மாற்றுகிறார்கள். நான் இறங்கி உள்ளே எட்டிப் பார்க்கிறேன். புதிதாகப் பாடி கட்டிய லாரியின் பின்கதவில் பெயிண்டர் குப்பண்ணன் புலி வரைந்துகொண்டிருக்கிறார். லாரிப் புலி என்றால் வாயைப் பிளந்து பல்லைக் காட்ட வேண்டும். இதுவோ வாலும் பின்னங்கால்களுமாக எங்கோ நடந்து போகிறது. முகமே இல்லை.

"ஏங்க இப்படி?" என்று கேட்கிறேன்.

"டிரைவரக் கேளுங்க. கடைசியாக் கண்ணு வெச்சு, சூடம் காட்டித்தான் வண்டிய அனுப்புவேன். இதுக்கு எங்கீங்க கண்ணு வெக்கறது?"

டிரைவர் சின்னுசாமி பக்கத்திலேயே நிற்கிறார். திம்பம் மலை வழியாக மைசூருக்கு ஓட்டுகிறவர். புலி, யானை நடமாடும் காடு என்பதால் ராத்திரியில் அங்கே லாரிகளை விடுவதில்லை. செக்போஸ்ட்டில் காத்துக் கிடந்து புலியைத் திட்டாத நாளே இல்லையாம்.

"போன மாசம் வெடியக்காலம் கேட்டத் தொறந்தாங்க. மொத வண்டி என்னுதுங்க. ஒரு வளைவுல பாத்தா, நடு ரோட்டுல புலி நடந்து போகுதுங்க. கை தானா ஹாரனுக்குப் போயிருச்சு. ஆனா அடிக்கலீங்க. அதும் திரும்பிப் பாக்கல. அது பாட்டுக்குப் போச்சுங்க."

குப்பண்ணன் தலையை ஆட்டிக்கொண்டே வெள்ளை பெயிண்ட் டப்பாவைத் திறக்கிறார். புலிக்குக் கீழே, எல்லா லாரிக்கும் எழுதுவதுபோல, 'ஒலி எழுப்பவும்' என்று எழுதப் போகிறார்.

சின்னுசாமி அவர் கையைப் பிடிக்கிறார்.

"அது மட்டும் வேண்டாமுங்க."