ஒன்பதாம் படுக்கைக்கு வந்த கோடு

பேய் ராத்திரியில்தான் வரும் என்று யார் சொன்னது? எனக்கு நடந்தது பட்டப்பகலில். ஆபீசில், சுற்றிலும் இருபது பேர் வேலை பார்த்துக்கொண்டிருந்தபோது. கதை விடுகிறான் என்பவர்களோடு மல்லுக்கட்ட எனக்குத் தெம்பில்லை. பறிகொடுத்தவன் நான்.

எங்கள் கம்பெனி ஆஸ்பத்திரிகளுக்கு மென்பொருள் எழுதுகிறது. தீவிர சிகிச்சைப் பிரிவில் ஒருவரின் இதயத் துடிப்பு தடுமாறினால் அது அலாரம் அடிக்க வேண்டும். ஆறாம் படுக்கைக்காரர் இறந்தபோது அலாரம் கேட்கவே இல்லை என்றார்கள் நர்சுகள். காரணம் கண்டுபிடிக்கும் வேலை என் தலையில் விழுந்தது. அதே பிரிவில், ஒன்பதாம் படுக்கையில், என் அண்ணன் இருந்தான். இதய ஆபரேஷன் முடிந்து இரண்டு நாள்தான் ஆகியிருந்தது. வேறு இடத்துக்கு மாற்றக் கேட்டேன். இப்போது அசைக்கவே கூடாது என்றுவிட்டார் டாக்டர்.

அந்தப் புரோகிராமில் பல வருடமாகப் பலர் கைவைத்திருந்தார்கள். இன்று அவர்களில் ஒருவர்கூட வேலையில் இல்லை. புரோகிராம் என்பது சின்னச் சின்னத் துண்டுகள். ஒவ்வொரு துண்டையும் கிளாஸ் என்போம். எது எதைக் கூப்பிடுகிறது என்று பெட்டியும் கோடுமாகப் படம் போட்டுக் காட்டும் கருவிகள் உண்டு. அலாரத்தை எந்தத் துண்டு தடுக்கிறது என்று பார்க்க அப்படி ஒன்றைத் தேடினேன்.

முதல் கருவி நானூறு பெட்டிகளை ஒரே பக்கத்தில் கொட்டியது. பூனை விளையாடிய நூல்கண்டு மாதிரி, தலையும் புரியவில்லை வாலும் புரியவில்லை. இரண்டாவது அழகாகப் போட்டது. ஆனால் வலது மூலையில் பெயரே இல்லாமல் ஒரு பெட்டி. பெயர் வைக்காத கிளாஸ் எங்கள் புரோகிராமில் ஒன்றுகூடக் கிடையாது.

பக்கத்து இருக்கையில், புரோகிராமைச் சோதித்துப் பார்க்கும் டெஸ்டர். ஓயாமல் பேசுவதால் அவளுக்குக் குருவி என்று பெயர்.

"டூல்ல ஏதோ கோளாறு. வேற ஒண்ணு போட்டுப் பாருங்க," என்றாள்.

மூன்றாவது, வேறு யாரோ செய்த கருவி. அதே மூலை... அதே பெட்டி. இந்த முறை அதிலிருந்து ஒரு கோடு அலாரத்துக்குப் போயிருந்தது. புரோகிராமை வரி வரியாகச் சலித்தேன். அப்படி எதுவும் இல்லை.

மணி 11:40. படத்தைப் புதுப்பித்தேன்.

பெட்டியிலிருந்து இன்னொரு கோடு. அதன் நுனியில், 'படுக்கை 6'.

இந்தப் படத்தில் எண் வராது. எத்தனை படுக்கை இருந்தாலும் 'படுக்கை' என்று ஒரே பெட்டிதான் வரும். எந்தக் கத்துக்குட்டிக்கும் அது தெரியும். குருவி நாற்காலியை என் திரைப் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

மறுபடி புதுப்பித்தேன்.

கோடு நகர்ந்திருந்தது...

'படுக்கை 9'.

அண்ணிக்குப் போன் போட்டேன்.

"அண்ணி, அலாரம் அடிக்குதா?"

"இல்லையே தம்பி. சத்தமே இல்ல. நல்லா தூங்குறாரு."

"எழுப்புங்க! நர்ஸைக் கூப்பிடுங்க!"

"இப்பதான் கண்ணசந்தாரு..."

"அண்ணி... கையைத் தொட்டுப் பாருங்க."

"தம்பி... கை ஜில்லுன்னு இருக்கு."

திரையைப் பார்த்தேன்.

பெட்டியைக் காணோம்.

அண்ணனைக் காப்பாற்ற முடியவில்லை. பிறகு அவன் துடிப்பைக் கண்காணித்த இயந்திரத்தின் பதிவை எடுத்துப் பார்த்தார்கள். அலாரம் ஏழு நிமிடம் முழுச் சத்தத்தில் அடித்திருக்கிறது. கட்டில் ஓரத்தில் அண்ணி இருந்தார். பத்தடி தூரத்தில் இரண்டு நர்சுகள் இருந்தார்கள். ஒருவருக்கும் கேட்கவில்லை. புரோகிராமில் தவறில்லை என்று மேனேஜர் விஷயத்தை முடித்துவிட்டார். ஊதுகிற சங்கை நானும் ஊதிப் பார்த்துவிட்டேன். அந்தப் புரோகிராம் இன்றும் அதே பிரிவில் ஓடுகிறது.

என் போனில் எல்லா அழைப்புகளும் தானாகப் பதிவாகும். ஒரு மாதம் கழித்து, அண்ணன் இறந்த அன்றைய பேச்சைப் போட்டுக் கேட்டேன். "சத்தமே இல்ல" என்கிறார் அண்ணி. அவர் குரலுக்குப் பின்னால்... அலாரம். காதைக் கிழிக்கிறது. அன்று எனக்கும் அது கேட்கவில்லை.

அண்ணிக்குப் போட்டுக் காட்டினேன். "நாம பேசுறதுதானே கேக்குது தம்பி. வேற என்ன?" என்றார்.

நேற்று ஆபீசில் மறுபடி போட்டேன். அண்ணி பேசுகிறார், நான் பேசுகிறேன். அவ்வளவுதான். அலாரத்தைக் காணோம். பதிவு அழிந்துவிட்டதோ என்று நினைத்துத் திரும்பினேன்.

குருவி இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டு கத்தினாள்.

"ஐயோ, அந்தச் சத்தத்தை நிறுத்துங்க!"