நில்ஸுக்கு எதிராக நில்ஸ்

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் வாத்தியக்காரர்கள் வயலின் வில்களை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தார்கள். இந்தப் பக்கம் இயக்குநர் ஹெலன் திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னார்: "இல்லை. இதுவும் அது இல்லை."

லண்டனில் ஓர் ஒலிப்பதிவுக்கூடம். நான் மியூசிக் எடிட்டர்; இசையைப் படத்தின் வெட்டுகளோடு பொருத்துவது என் வேலை. இசையமைப்பாளர் நில்ஸ், சுவீடன்காரர், குரலை உயர்த்தத் தெரியாதவர்.

காட்சி சின்னது. ஆஸ்பத்திரி வாசலில் ஒரு தாய், இறந்துபோன மகன் காலில் போட்டிருந்த சப்பாத்துகளை ஒரு பையில் வாங்குகிறாள். படம் வெட்டும் காலத்தில், புது இசை வரும்வரை ஏதாவது பழைய இசையைப் போட்டுவைப்பது வழக்கம். டெம்ப் என்போம். ஹெலனின் எடிட்டிங் அறையில் போட்டிருந்தது, நில்ஸ் இளவயதில் வேறொரு படத்துக்கு எழுதியது. மாதக்கணக்கில் கேட்டுக் கேட்டு ஹெலன் அதில் ஊறிவிட்டார். உரிமையோ வேறொரு கம்பனியிடம். வாங்கவும் முடியாது, அதைப்போல எழுதவும் கூடாது.

தயாரிப்பாளர் காலையிலேயே சொல்லிவிட்டார்: இன்றைக்கு இது சரிவராவிட்டால் நில்ஸின் முழு இசையும் வெளியே, வேறு ஆள் வருவார். நேரம் முடிந்தால் வாத்தியக்காரர்கள் பாதிச் சுரத்திலும் எழுந்துவிடுவார்கள்.

மிக்ஸர் முன்னால் ஒலிப்பதிவாளர் ஜூட் அண்ணை. மன்னார்க்காரர், லண்டனின் சட்டன் பகுதியில் வீடு. தமிழில் பேசினால் ஒருவருக்கும் விளங்காது என்ற துணிவு அவருக்கு.

"தம்பி, மனிசன் தன்ரை பாட்டோடையே மல்லுக்கட்டுறார். வெல்ல ஏலுமே?"

"சும்மா இருங்கோ அண்ணை. எனக்கே பயமாக் கிடக்கு."

"உனக்கென்ன, அடுத்த படம் இருக்கு. அந்தாளைப் பார்."

நில்ஸ் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் வந்தார். "டெம்பைப் போடும்" என்றார்.

இசையமைப்பாளர் முன்னால் அதை ஒலிக்கவிடுவது எங்கள் தொழிலில் செய்யாத காரியம். போட்டேன். வயலின்கள் பொங்கி எழுந்தன. இளம் நில்ஸ் அறையை நிரப்ப, நரைத்த நில்ஸ் சுவரோடு சாய்ந்து கேட்டார்.

"இதிலை என்ன இருக்கு?" என்று ஹெலனிடம் ஆங்கிலத்தில் கேட்டார்.

"கேட்டா அழுகை வருது" என்றார் ஹெலன். "உங்கடை புதுசிலை வரேல்லை."

"அந்த மனுசிக்கும் இன்னும் வரேல்லையே. பையைத்தான் பாக்கிறா" என்றார் நில்ஸ்.

திரும்ப அந்தப் பக்கம் போய் வாத்தியக்காரர் எல்லோரையும் பென்சிலை எடுக்கச் சொன்னார். பை கைமாறும்வரை எழுதியிருந்த அத்தனையும் அடிக்கப்பட்டது. ஆளுயர டபிள் பாஸ் வாத்தியம் மட்டும், ஒரே சுரம். பிறகு மைக் வழியாக என்னிடம், "கிளிக்கை நிப்பாட்டும்" என்றார்.

கிளிக் என்பது வாத்தியக்காரர்களின் ஹெட்போனில் ஓடும் தாளச் சத்தம். அது இல்லாவிட்டால் இசை படத்தை விட்டு நழுவும்.

"நிப்பாட்டாதை" என்று முணுமுணுத்தார் ஜூட் அண்ணை. "பிழைச்சா இன்னொரு டேக்குக்கு நேரமில்லை."

நிறுத்தினேன்.

நில்ஸ் தாளைப் பார்க்கவில்லை. திரையில் அந்தத் தாயின் கையைப் பார்த்தே தன் கையை அசைத்தார். ஆற்றின் அடியில் கல் கிடப்பதுபோல ஒரு சுரம் கிடந்தது. அவள் விரல் பையைத் தொட்டது. வயலின்கள் வந்தன, மிக மெதுவாக, கூப்பிடாத வீட்டுக்குள் நுழைவதுபோல. கடைசிச் சுரம் அடங்கியதும் நேரம் முடிந்தது; வாத்தியப் பெட்டிகள் திறக்கும் சத்தம்.

ஹெலன் நன்றாயிருக்கிறது என்று சொல்லவில்லை. இன்னொரு முறை போடச் சொல்லிப் பார்த்தார். பிறகு, "என்ரை மெசினிலை கிடக்கிற பழசை அழிச்சுவிடும். இருந்தா நான் திரும்ப அதுக்குத்தான் போவன்" என்றார்.

அழித்தேன்.

இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு ஒன்றுதான் சொல்வேன். எந்தப் படம் வந்தாலும் டெம்ப் காதில் ஊறுமுன் இயக்குநரை அருகில் உட்காரவைத்து, ஓர் இசையும் போடாமல் முழுதாக ஒரு தடவை பாருங்கள். அவர்களுக்குப் பிடிக்காது, நெளிவார்கள், போனை எடுப்பார்கள். விடாதீர்கள்.