இலை மாறிய செடியும் என் பச்சை வலையும்

செடி விற்பவளுக்கு நிம்மதி என்றால், வாங்கியவர் ஊரைவிட்டுக் குடிபோன அன்றுதான். நர்சரி வைத்திருக்கும் சகோதர சகோதரிகளே, உங்களுக்குத் தெரியாததா? தண்ணீர் ஊற்ற மறந்தவர்கள் அவர்கள். செடி பட்டுப்போனால் பதில் சொல்ல வேண்டியது நாம்.

நான் எட்டாவதோடு படிப்பை நிறுத்தியவள். கச்சிராயபாளையம் சாலையோரம் பச்சை வலை கட்டிக் கன்று விற்கிறேன். எப்போதோ நான் விற்ற ஒட்டு மாங்கன்று போன வருஷம் புளிப்புக் காய் காய்த்து, பஸ் நிறுத்தத்தில் பெரிய சண்டையாகிவிட்டது. கரும்பு லாரி ஓட்டும் என் வீட்டுக்காரர் அன்றே சொல்லிவிட்டார்: இன்னொரு புகார் வந்தால் வலையைப் பிரித்துவிட்டு, அந்த இடத்தில் தன் தம்பிக்குப் பஞ்சர் கடை. அதிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. இந்த லட்சணத்தில்தான் வாட்டில் என்றொரு மலைச்செடி வந்து சேர்ந்தது.

கொதிக்கும் தண்ணீர்

என் தங்கை கோத்தகிரியில் வாழ்க்கைப்பட்டவள். ஒரு டப்பா நிறைய வாட்டில் விதை கொண்டுவந்தாள். குளிர் சீமைக் காடுகளில் பெரிய மரங்களுக்கு அடியில், நிழலில் வளரும் புதராம். பஞ்சு உருண்டை மாதிரி மஞ்சளாகப் பூக்குமாம். விதைத்தோல் கல் மாதிரி இருப்பதால், கொதிக்கும் தண்ணீரை ஊற்றி, ஆறும்வரை ஊறவைத்தால்தான் முளைக்கும் என்றாள்.

நல்ல விதையை நானே வேகவைத்துக் கொல்கிறேனோ என்று பயந்துகொண்டே ஊற்றினேன். கன்றுப் பாக்கெட்டில் மண் அடைக்க வரும் குப்பம்மா சட்டியை எட்டிப் பார்த்தாள். "இன்னாக்கா, வெத போடப் போறியா, ரசம் வெக்கப் போறியா?"

முள் இல்லாத சொந்தம்

முளைத்துவிட்டது. புளிய இலை மாதிரி பொடிப்பொடி இலை. எலுமிச்சைக் கன்று வாங்க வந்த சங்கராபுரத்துக்காரர் ஒருவர் அதைப் பார்த்து, கருவேலங்கன்றையா வளர்க்கிறாய் என்று பதறினார். ஊரெல்லாம் சீமைக் கருவேலத்தைப் பொக்லைன் வைத்துப் பிடுங்கிக்கொண்டிருந்த சமயம் அது.

"தூரத்துச் சொந்தம்தாங்க. ஆனா இதுக்கு முள்ளு கெடயாது" என்றேன். அவர் குனிந்து, தண்டை மேலிருந்து கீழே தடவிப் பார்த்தார். ஒன்றும் குத்தவில்லை. அப்படியும் எலுமிச்சையோடு நாலடி தள்ளித்தான் நின்றார். "சொந்தக்காரனாச்சேம்மா, எப்ப வேணா குத்துவான்."

பால் பல்

எங்கள் வெயிலுக்கு இது தாங்காது, மலைமேல்தான் ஆகும் என்று நானே சொல்லி, வெள்ளிமலைப் பக்கத்து விவசாயி சடையனிடம் இருபது கன்று கொடுத்தேன். அவர் பலா மரங்களுக்கு அடியில் நட வாங்கிப்போனார். சில வாரங்களில், என்னிடம் மிச்சமிருந்த கன்றுகளின் நுனியில் வேறு இலை வந்தது. கத்தி மாதிரி நீளம். விதையில் கலப்படம்!

காலையும் மாலையும் உட்கார்ந்து நீட்டு இலைகளைக் கிள்ளிப் போட்டேன். வீட்டுக்காரர் கேட்டால், பூச்சி என்றேன். கடைசி வரிசைக்குப் போவதற்குள் இடுப்பு விட்டுப்போகும். அந்த வரிசையை மட்டும் கிள்ளவில்லை. கிள்ளக் கிள்ள மறுபடியும் வந்தது. தாங்காமல் தங்கைக்குப் போன் போட்டேன். அவள் சிரித்த சிரிப்பு குப்பம்மாவுக்கே கேட்டது. "யக்கா, அதான் அதோட நெஜ எல. மொதல்ல வந்தது பால் பல்லு மாதிரி. புதுசா மொளைக்கிற பல்லயா புடுங்கிக்கினு இருந்த?"

சூடம்

சடையனுக்குச் சொல்லியனுப்புவதற்குள் அவரே மலை பஸ்ஸில் இறங்கிவிட்டார். கையில் ஒரு செடி, பொடி இலையெல்லாம் உதிர்ந்து கத்தி இலை மட்டும். கூடவே அவர் பங்காளி மாணிக்கம். என் வீட்டுக்காரர் அன்றைக்குப் பார்த்தா வீட்டில் இருக்க வேண்டும்!

"நான் வாங்கினது புளிய எல செடி. நான் சந்தைக்குப் போன நேரம் பாத்து, இவன் அத்தப் புடுங்கினு இந்தக் காட்டுச் செடிய நட்டுட்டான்" என்றார் சடையன். மாணிக்கம் கோயிலில் சூடம் அணைத்துச் சத்தியம் செய்தும் அவர் நம்பவில்லை. "நீயே சொல்லும்மா, இது ஒன் செடியா?"

ஆமாம் என்றால் நான் ஏமாற்றுக்காரி. இல்லை என்றால் மாணிக்கம் திருடன். வீட்டுக்காரர் வலையை அண்ணாந்து பார்த்தார். "என் செடிதாங்க" என்று சொல்லிவிட்டு, கிள்ளாமல் விட்ட வரிசையிலிருந்து ஒரு கன்றை எடுத்துவந்தேன். அடியில் பொடி இலை, நுனியில் கத்தி இலை. நடுவே ஒரு காம்பு மட்டும் கத்தியாகத் தட்டையாகி, முனையில் பொடி இலையை இன்னும் விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது. சடையன் அதை மேலும் கீழும் மூன்று தடவை தடவினார். வீட்டுக்காரரும் கண்ணாடி போட்டுக்கொண்டு வந்து தடவினார். மாணிக்கத்துக்குத்தான் ஆறவில்லை. "செடி பண்ண வேலைக்கு நான் எதுக்குடா சூடம் அணைச்சேன்? வா, இப்ப அந்தச் செடியக் கூட்டினு போயி அணைக்கச் சொல்லு!"

வேப்பங்கன்று

"இது புகார் இல்ல, பஞ்சாயத்து. வல இருக்கட்டும்" என்றார் வீட்டுக்காரர். தம்பிக்கு வேறு இடம் பார்க்கவும் கிளம்பிவிட்டார். நான் வயிறாரச் சாப்பிட்டேன், பதினைந்து நாள்.

அதற்குள் கதை மலை பஸ்ஸில் ஏறி இறங்கி எங்கெங்கோ போயிருக்கிறது. மணலூர்பேட்டையிலிருந்து ஓர் அம்மா, என்னிடம் வாங்கிய வேப்பங்கன்றைப் பையோடு தூக்கிவந்து என் முன்னால் பொத்தென்று வைத்தாள். கன்று தளதளவென்று இருந்தது. ஓர் இலை பழுக்கவில்லை. "நல்லாத்தானேம்மா இருக்குது?" என்றேன். "இன்னா நல்லா இருக்குது? ரெண்டு மாசமா அதே எலயத்தான் வுட்டுக்கினு இருக்குது. ஊருக்கெல்லாம் மாறுற செடியக் குடுத்துட்டு, எனுக்கு மட்டும் மாறாததத் தள்ளி வுட்டுட்டியே!"

செடிக்கு நிழல் கட்டிவிட்டு, நாம் வெயிலில் நின்று பதில் சொல்லும் தொழில் இது.