சுவேல் பாதிரியாரின் மனைவி எழுதிய பாராட்டுகள்

எங்கள் வென்சம் ஊர்ப் பாதிரியார் ஹம்ஃப்ரி சுவேல், தேனீக்களைப் பற்றி ஒரு காவியம் எழுதிக்கொண்டிருந்தார். தேனீ வளர்த்தவர் இல்லை. தோட்டத்தில் ஒன்று ரீங்காரமிட்டாலே ஓடிப்போய் ஜன்னலைச் சாத்துவார். ஆனால் சபையில் யாரும் அவரிடம் தேன் கேட்கவில்லை, கவிதையும் கேட்கவில்லை. அதனால் தடையின்றி எழுதினார்.

அவர் மனைவி டார்கஸ், இப்ஸ்விச்சில் பீர் காய்ச்சி விற்றவரின் மகள். பெண் பார்த்துவிட்டுப் போன மறுநாளே அவள் நீலவிழிகளைப் புகழ்ந்து சுவேல் ஒரு பாட்டு அனுப்பினார். டார்கஸின் கண்கள் பழுப்பு. திருமணத்துக்குப் பிறகு ஒருநாள் கேட்டாளாம்.

“பழுப்புக்கு எதுகை அமையல டார்கஸ்,” என்றாராம்.

நான் அந்த வீட்டில் சமையல்காரியாகச் சேர்ந்தபோது, பாதிரியாரின் கிறுக்கல்களையெல்லாம் அழகான கையெழுத்தில் படியெடுப்பதுதான் டார்கஸ் அம்மாவின் வேலையாக இருந்தது. அச்சுக்காரர், பேராயர், யாராக இருந்தாலும் பாதிரியார் கையெழுத்தென்று அறிந்தது அம்மாவின் கையெழுத்தைத்தான்.

ஊர்க்காரர்களுக்கு அவர்மேல் வெறுப்பு ஒன்றுமில்லை, கொஞ்சம் பயம்தான். குடியானவர் ஜேபஸ் காட்லிங் நிமோனியாவில் கிடந்தபோது ஜெபிக்கப் போனவர், கட்டிலருகே உட்கார்ந்து விரல்விட்டு அசை எண்ண ஆரம்பித்துவிட்டார்.

“‘பிரிந்தான்’னு போடட்டுமா, ‘மறைந்தான்’னு போடட்டுமா காட்லிங்? எது உருக்கமா இருக்கு?”

“கொஞ்சம் பொறுங்களேன் ஐயா. இந்தக் கஞ்சியைக் குடிச்சுட்டுச் சொல்றேன்.”

காட்லிங் பிழைத்துக்கொண்டார். ஒரு நல்ல இரங்கற்பா வீணாகிவிட்டதென்று பாதிரியாருக்குத்தான் மனக்குறை.

டெவன் பக்கத்தில் ஆம்ப்ரோஸ் பென்னிக் என்று இன்னொரு பாதிரியார் இருந்தார். அவருக்கு நோவாவின் காலத்து ஜலப்பிரளயம்தான் காவியம். இருவரும் ஒருவர் கவிதையை ஒருவருக்கு அனுப்பி, கடிதத்தில் புகழ்ந்துகொண்டார்கள். முதல் இரண்டு கடிதங்களை சுவேல் தாமே சொல்லி எழுதவைத்தார். பென்னிக்கின் மூன்றாம் காண்டம் வந்தபோது கட்டைப் பிரிக்கக்கூட இல்லை.

“என்னத்தையாவது நல்லதா எழுதிப் போடு டார்கஸ். ராத்திரி முழுக்க அழுதேன்னு எழுது. அந்தாளு மனசு குளிரட்டும். எனக்கு ராணித்தேனீ காத்திருக்கா.”

அம்மா எழுதினாள். எழுதி முடித்தபோது தாளில் இடம் மிஞ்சியது. சமையலறையில் தொங்கிய பன்றித்தொடையில் பூஞ்சை பிடித்து நாங்கள் தவித்துக்கொண்டிருந்த சமயம் அது. மனம்போன போக்கில் அதையும் ஒரு வரி சேர்த்துவிட்டாள். பதில் வந்தது. தேனீக்காவியம் இந்த யுகத்தின் அமுதம் என்ற பாராட்டுக்குக் கீழே, பொடி எழுத்தில்: “வினிகரில் துணியை நனைத்துத் துடைத்து, காற்றாடக் கட்டுங்கள். என் அண்ணனுக்குப் பன்றித்தொடை எங்கே தொங்குகிறதென்றே தெரியாது. தாமசின்.”

அதைப் படித்துவிட்டு அம்மா சிரித்த சிரிப்பை நான் அதுவரை கேட்டதில்லை. அங்கேயும் தங்கைதான் படியெடுத்துக்கொண்டிருந்தாள், தங்கைதான் பதில் எழுதினாள். அதன்பின் பாராட்டு மேலே இரண்டு வரி. கீழே பக்கம் பக்கமாக மூட்டுவலி, நெல்லிக்காய் ஜாம், அம்மாவுக்குப் பிறந்து அன்றே இறந்த குழந்தை. அந்தக் குழந்தையைப் பற்றி அம்மா என்னிடம்கூடப் பேசியதில்லை.

பல வருடங்கள் கழித்து, பென்னிக் திடீரென்று தங்கையோடு விருந்துக்கு வந்து இறங்கினார். வாசலில் இரண்டு பெண்களும் கைகளைப் பற்றிக்கொண்டு விடவில்லை. கவிஞர்கள் இருவரும் ஒருவரையொருவர் ஏற இறங்கப் பார்த்து, குனிந்து வணங்கினார்கள்.

நான் வாத்து வறுவலைப் பரிமாறிக்கொண்டிருந்தேன்.

“என் மூணாம் காண்டத்தைப் படிச்சுட்டு அழுதேன்னு எழுதியிருந்தீங்களே,” என்றார் பென்னிக். “எந்த இடம்னு நேர்ல கேக்கத்தான் இவ்வளவு தூரம் வண்டியில குலுங்கிக்கிட்டு வந்தேன்.”

சுவேல் வாயிலிருந்ததை மெல்ல விழுங்கினார். “அதான்… நோவாவோட சம்சாரம் சாகுற இடம்.”

“அவ எங்கய்யா செத்தா?”

“சாகலையா?”

“பேழையில எட்டுப் பேர் ஏறினாங்க, எட்டுப் பேரும் இறங்கினாங்க. வேதத்துலயே இருக்கு. நீர் பாதிரியார்தானே?”

சுவேலுக்கு முகம் சிவந்தது. “சரி, என் காவியத்துல உமக்குப் பிடிச்ச இடம் எது?”

“அந்த ஆட்டுக்குட்டி வழிதவறிப் போகுதே, அது.”

“ஆடா? அது தேனீய்யா!”

தாமசினுக்குச் சிரிப்பு பீறிட்டது. துணியால் வாயைப் பொத்தியும் அடங்கவில்லை. கடிதங்களின் கதையெல்லாம் வெளியே வந்துவிட்டது.

“அப்ப யுகத்தின் அமுதம்னு எழுதினது?” என்றார் சுவேல்.

“நான்தாங்க.”

“நீயாவது படிச்சியாம்மா?”

“படிச்சேன் ஐயா. படிச்சதாலதான் அவ்வளவு பெருசா எழுத வேண்டியதாப் போச்சு. உள்ளதைச் சொல்ல மனசு வரலை.”

சுவேல் மனைவி பக்கம் திரும்பினார். “என் பேர்ல, என் முதுகுக்குப் பின்னால…”

அம்மா கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். “எழுதச் சொன்னது நீங்க. உங்களுக்கு வந்த கடுதாசிலதான் எனக்குன்னு ஒருத்தி கிடைச்சா. அதுக்கு நான் மன்னிப்புக் கேக்கமாட்டேன்.”

பென்னிக் எழுந்து, வண்டியைப் பூட்டச் சொன்னார். “புட்டிங் சாப்பிட்டுட்டு வர்றேண்ணா,” என்று தாமசின் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். வெளியே மழை பிடித்துக்கொண்டது. ஜலப்பிரளயம் பாடியவர் மூடாத வண்டியில் நனைந்துகொண்டே காத்திருந்தார். தாமசின் இரண்டாம் முறையும் புட்டிங் போட்டுக்கொண்டாள்.

பிறகு அந்த இரண்டு கவிஞர்களும் ஒருவரையொருவர் வசைபாடிப் பத்திரிகைகளில் பாட்டெழுதினார்கள். உண்மையைச் சொன்னால், அவர்கள் எழுதியதில் யாராவது விரும்பிப் படித்தது அந்த வசைப்பாட்டுகளை மட்டும்தான். சாராயக்கடையில் ஊர்க்காரர்கள் அவற்றை மெட்டுப் போட்டே பாடினார்கள். அதைக் கேட்டு சுவேலுக்கு உள்ளூரப் பெருமை. “மக்கள் கடைசியா கவிதையை உணர ஆரம்பிச்சுட்டாங்க கெசியா,” என்று என்னிடமே சொன்னார். அம்மாவின் கடிதங்களை அவர் நிறுத்தச் சொல்லவில்லை. அவை வந்ததையும் போனதையும் அவர் கவனித்தவரும் இல்லை.

ஒரு குளிர்காலத்தில் மார்ச்சளி கண்டு சுவேல் இறந்தார். காட்லிங்தான் சவப்பெட்டிக்கு முன்தோள் கொடுத்தார். தேனீக்காவியம் முடியவில்லை, ராணி இன்னும் கூட்டை விட்டுக் கிளம்பியிருக்கவில்லை.

வீட்டைப் புதுப் பாதிரியாருக்கு விட வேண்டியிருந்ததால், தாமசின் அழைத்தபடி அம்மா டெவனுக்குப் போனாள். பென்னிக் முதல் வாரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாராம். இரண்டாம் வாரம் ஐந்தாம் காண்டத்தோடு வந்து நின்றாராம், படியெடுத்துத் தர முடியுமா என்று.

“கையில வாதம் ஐயா, பேனாவே பிடிக்க முடியல,” என்று அம்மா சொல்லியிருக்கிறாள். அதையும் எனக்கு நாலு பக்கக் கடிதத்தில் எழுதியிருந்தாள்.