போர் மோட்டாரும் சேர்ந்த கணக்கு

தண்ணீர் சுடவைக்கும் ஹீட் பம்பின் செயல்திறனை அளக்கும்போது, அதே மீட்டரில் வேறெதுவும் ஓடக்கூடாது என்பது விதி. ஓய்வுபெற்ற பொறியாளனான எனக்கு அது மனப்பாடம். என் வீட்டில் புதிதாகப் பொருத்திய பம்பை அளந்து, தண்ணீர் பெற்ற வெப்பத்தைச் செலவான மின்சாரத்தால் வகுத்தேன். மூன்று வரவேண்டிய இடத்தில் ஒன்றுதான் வந்தது. பொருத்திய மெக்கானிக் செல்வத்தின் மீது நான்கு பக்கப் புகார் அனுப்பினேன். கம்பெனி அவரை வேலையிலிருந்து நிறுத்திவிட்டது.

மறுவாரம் அவரே தன் ஊரான திருப்புலிவனத்திலிருந்து என் வீட்டுக்கு வந்து நின்றார்.

"வேலதான் இல்லியே சார், மிஷின் இன்னா ஆச்சுன்னு பாக்க வந்தேன்."

மீட்டரைப் பார்த்ததும் சிரித்தார். "போர் மோட்டாரு ஓடிக்கினு கீது சார். அத்தையும் சேத்துட்டீங்களா?"

மோட்டாரை நிறுத்தி அளந்தோம். மூன்று வந்தது. என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை; காபி மட்டும் கேட்டார். அந்தப் பெருந்தன்மைக்கு எந்த விதிப்புத்தகத்திலும் சூத்திரம் இல்லை.

தவறு என்னுடையது என்று கம்பெனிக்கு அன்றே எழுதினேன். இம்முறை இரண்டு வரி போதுமானதாக இருந்தது. செல்வத்தை மீண்டும் வேலையில் சேர்த்துக்கொண்டதாகப் பதில் வந்த நாள், ஆடிப் பதினெட்டு; பெருக்கு நாள்.